ஆண்டு சொல்லாத உலகம்: ‘ஹாஃப்-லைஃப் 2’ கதையின் காலமும் களமும்

வால்வ் நிறுவனம் 2004 நவம்பர் 16 அன்று வெளியிட்ட ‘ஹாஃப்-லைஃப் 2’ வீடியோ கேம், வேற்றுலகப் பேரரசு ஒன்றின் பிடியில் பூமி சிக்கிக் கிடக்கும் காலத்தைக் காட்டுகிறது. அது எந்தக் காலம் என்பதைக் கதை எந்த இடத்திலும் சொல்வதில்லை. திரையில் ஆண்டு தோன்றுவதில்லை; நடந்ததைத் தொகுத்துச் சொல்லும் முன்கதைக் குரலும் இல்லை. எல்லாவற்றையும் கோர்டன் ஃப்ரீமேன் என்ற கதாநாயகனின் கண்வழியே பார்க்கிறோம், அவனோ இடைப்பட்ட ஆண்டுகளில் நடந்தது எதையும் அறியாதவன். ஆகவே, சுவரில் ஒட்டியிருக்கும் பத்திரிகைத் துணுக்கு, பெரிய திரையில் ஓடும் உரை, வழியில் நிற்பவர்கள் முணுமுணுக்கும் ஓரிரு வரிகள், நீர் உள்வாங்கிய கடற்கரை ஆகியவற்றைக் கொண்டு காலவரிசையை ஆட்டக்காரரே கட்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது. ரசிகர்கள் இருபது ஆண்டுகளுக்கு மேலாக இதைச் செய்து வருகிறார்கள். ஆண்டு சொல்லப்படாமல் போனதற்கு அந்த உலகத்தின் அமைப்பிலேயே காரணம் இருக்கிறது என்று நான் கருதுகிறேன்: கதை நடக்கும் சிட்டி 17 நகரை ஆள்பவர்கள் மனிதர்களிடமிருந்து முதலில் பறித்திருப்பது காலத்தைத்தான்.

காலவரிசையின் தொடக்கப் புள்ளி 1998 நவம்பரில் வெளிவந்த முதல் ஆட்டத்தில் இருக்கிறது. அமெரிக்காவின் நியூ மெக்சிகோ பாலைவனத்தில், நிலத்தடியில் பரந்து கிடக்கும் பிளாக் மெசா ஆய்வு வளாகம் அதன் களம். எம்.ஐ.டி.யில் இயற்பியலில் முனைவர் பட்டம் பெற்ற 27 வயது ஃப்ரீமேன், அங்கே ஒரு சோதனைக் கருவிக்குள் படிக மாதிரி ஒன்றைத் தள்ளிவிடுகிறான். அந்த நொடியில் ‘ரெசொனன்ஸ் கேஸ்கேட்’ என்று கதை பெயரிடும் விபத்து நிகழ்கிறது. ஸென் என்ற எல்லை உலகத்துக்கும் பூமிக்கும் இடையிலான தடுப்பு கிழிந்து, அங்குள்ள உயிரினங்கள் ஆய்வகத்துக்குள் கொட்டுகின்றன. எந்த ஆண்டில் இது நடந்தது? ஆட்டத்துடன் தரப்பட்ட கையேட்டில் ஃப்ரீமேனுக்கு வந்த பணி நியமனக் கடிதம் அச்சாகியிருந்தது. அதில் ஆண்டு ‘200-’ என்று, கடைசி இலக்கம் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கோட்டுடன் நின்றுவிடுகிறது. இரண்டாயிரங்களின் முதல் பத்தாண்டு என்பதற்கு மேல் துல்லியமான விடை கிடையாது. தொடர் முழுவதற்குமான காலக்குறிப்பு என்று கையில் பிடிக்கக் கிடைப்பது ஏறத்தாழ இந்த ஒரு கடிதமே.

முதல் ஆட்டத்தின் முடிவில், ஸென் உலகத்தை ஆண்ட நிஹிலாந்தை ஃப்ரீமேன் கொல்கிறான். அப்போது கோட்டும் பெட்டியுமாக வரும் ஜி-மேன் என்ற மர்ம மனிதர் அவனுக்கு ‘வேலை’ தருகிறார். அதற்குப் பிறகு ஃப்ரீமேனுக்குக் காலம் ஓடவில்லை. அவனுடைய கடிகாரமும் பூமியின் கடிகாரமும் பிரிவது இங்கேதான். 1999-இல் வெளிவந்த ‘ஆப்போசிங் ஃபோர்ஸ்’ என்ற துணைக்கதையின் இறுதியில் பிளாக் மெசா வளாகமே அணுகுண்டுக்கு இரையாகிறது. கிழிசல் மட்டும் மூடவில்லை. உலகங்களுக்கு இடையே வாசல் (போர்ட்டல்) திறக்கும் போர்ட்டல் புயல்கள் பூமியெங்கும் வீசி, ஸென் உயிரினங்களை ஊர்ப்புறங்களில் இறக்கிவிட, மக்கள் நகரங்களுக்குள் ஒதுங்கினார்கள். அந்த விபத்தின் அதிர்வு கம்பைன் என்ற பேரரசின் கவனத்தையும் ஈர்த்தது. பல உலகங்களைக் கைப்பற்றி, அங்குள்ள உயிர்களை உருமாற்றித் தன் படையாக்கிக்கொள்ளும் அரசு அது. பூமியின் ராணுவங்கள் எல்லாம் சேர்ந்து அதனுடன் போரிட்டன. போர் ஏழு மணி நேரத்தில் முடிந்தது. பிளாக் மெசாவின் முன்னாள் நிர்வாகியான டாக்டர் வாலஸ் ப்ரீன் மனித குலத்தின் சார்பில் சரணடைவுக்குப் பேச்சு நடத்தி, பிறகு கம்பைன் சார்பில் பூமியின் நிர்வாகியாக அமர்த்தப்பட்டார்.

மனித வரலாற்றின் மிகப் பெரிய தோல்வியான இந்தப் போரை ஆட்டம் ஒரு காட்சியாகக்கூடக் காட்டவில்லை. ஈலை வான்ஸ் என்ற விஞ்ஞானியின் ஆய்வகத்தில், பழைய நாளிதழ்த் துணுக்குகள் பலகையில் குத்தி வைக்கப்பட்டிருக்கின்றன. பூமி சரணடைந்த செய்தி அவற்றில் ஒன்றின் தலைப்பு. அருகில் போய் நின்று பார்த்தால் தெரியும். பார்க்காமல் கடந்துபோகவும் முடியும். அதே அறையில் ஒரு சிறிய குடும்பப் படமும் இருக்கிறது. ஈலை, அவர் மனைவி ஆஸியன், குழந்தையாக அலிக்ஸ். பிளாக் மெசாவிலிருந்து தப்பும்போது என்னைத் தவிர அப்பா எடுத்துவர முடிந்தது இந்தப் படம் மட்டுமே என்று வளர்ந்துவிட்ட அலிக்ஸ் சொல்கிறாள். உலகப் போரின் வரலாறும் ஒரு குடும்பத்தின் இழப்பும் கைக்கெட்டும் தூரத்தில் அடுத்தடுத்து வைக்கப்பட்டிருக்கும் இந்த அறையே முழுத் தொடரிலும் முன்கதையை மிகச் சிறப்பாகச் சொன்ன இடம் என்பேன்.

இடைவெளி எத்தனை ஆண்டுகள் என்ற கேள்விக்கும் விடை இந்தப் படத்திலிருந்தே தொடங்குகிறது. விபத்தின்போது குழந்தையாக இருந்தவள் இப்போது இருபதுகளில் இருக்கும் இளம்பெண். ஃப்ரீமேனைப் பார்த்ததும் ஈலை, நீ துளிகூட மாறவில்லையே, எப்படி முடிகிறது என்று வியக்கிறார்; அவருடைய தலையும் தாடியும் நரைத்திருக்கின்றன. ப்ரீன் தம் படையினரைக் கண்டிக்கும் ஓர் உரையில், ஃப்ரீமேன் பிளாக் மெசா சம்பவத்தின்போது முனைவர் பட்டத்தின் மை உலராத ஒரு கோட்பாட்டு இயற்பியலாளன்தான் என்றும், இடைப்பட்ட ஆண்டுகளில் எந்தத் திறமையையும் வளர்த்துக்கொள்ள இயலாத நிலையில் அவன் இருந்ததாக நம்பக் காரணம் உண்டு என்றும் சொல்கிறார். நாயகன் உறைநிலையில் இருந்தான் என்பது பகைவனுக்கும் தெரிந்திருக்கிறது. இவற்றையெல்லாம் சேர்த்து, இரண்டு ஆட்டங்களுக்கும் இடையே ஏறத்தாழ 20 ஆண்டுகள் என்று பொதுவாகக் கொள்கிறார்கள். 200-இன் கோட்டில் எந்த இலக்கத்தைப் போட்டாலும் சிட்டி 17 நம்முடைய 2020-களை ஒட்டியே வந்து நிற்கும்.

இனி களம். சிட்டி 17 கிழக்கு ஐரோப்பாவில் எங்கோ இருக்கிறது. எந்த நாடு என்பது சொல்லப்படுவதில்லை. அதன் தோற்றத்தை வடிவமைத்த கலை இயக்குநர் விக்டர் ஆன்டனோவ் பல்கேரியத் தலைநகர் சோஃபியாவில் பிறந்தவர். சோஃபியாவையும் பெல்கிரேடையும் செயின்ட் பீட்டர்ஸ்பர்கையும் மனத்தில் வைத்தே இந்த நகரை அவர் உருவாக்கினார். இங்கே கட்டடங்கள் படலம் படலமாக நிற்கின்றன. அடியில் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பாணியில் அமைந்த முகப்புகளும் ரயில் நிலையமும். அடுத்து, சோவியத் காலத்துக் கான்கிரீட் அடுக்குமாடிகளும் சிரிலிக் எழுத்துப் பலகைகளும் துருப்பிடித்த பழைய கார்களும். அவற்றின் மேல், எந்த மனிதக் கையும் வடித்திராத கருநீல உலோகம். அந்த உலோகச் சுவர்கள் மெல்ல நகர்ந்து, தெருக்களையும் வீடுகளையும் அரைத்துக்கொண்டே முன்னேறுகின்றன. எங்கிருந்து பார்த்தாலும் வானைக் கிழித்துக்கொண்டு தெரிகிற சிட்டாடல் கோபுரம் இந்தப் படலத்தின் உச்சம். ஒரே தெருவில் மூன்று ஆட்சிகளின் தடயங்கள் தெரிவதால், வரலாறு இங்கே ஏற்கெனவே பலமுறை மேலிருந்து திணிக்கப்பட்டிருக்கிறது என்பது சொல்லாமலே விளங்குகிறது. ஓர் அமெரிக்க நகரத்தைக் களமாக்கியிருந்தால் இந்த ஆழம் கிடைத்திருக்காது. 2025 பிப்ரவரியில் ஆன்டனோவ் காலமானார். கணினி விளையாட்டில் ஒரு நகரமே முதன்மைப் பாத்திரமாக நிற்க முடியும் என்று காட்டியவர்களில் அவருக்கு முன்வரிசை இடம் உண்டு.

நகரின் பெயரில் உள்ள எண்ணே பழைய பெயர் அழிக்கப்பட்டதைச் சொல்கிறது. ரயிலில் வந்து இறங்கும் ஃப்ரீமேனை முதலில் வரவேற்பது பெரிய திரையில் தெரியும் ப்ரீனின் முகம். நீங்கள் தேர்ந்து வந்தாலும், தேர்ந்தெடுக்கப்பட்டு வந்தாலும், எஞ்சியிருக்கும் நகரங்களில் மிகச் சிறந்தவற்றுள் ஒன்றுக்கு வந்திருக்கிறீர்கள் என்கிறார். ‘எஞ்சியிருக்கும்’ என்று போகிறபோக்கில் சொல்லும்போதே, எஞ்சாதவை எத்தனையோ என்ற அச்சம் நமக்கு வந்துவிடுகிறது. நிலையத்தில் ஒருவர், இங்குள்ள தண்ணீரைக் குடிக்காதே, மறக்கடிக்க ஏதோ கலக்கிறார்கள், நான் இங்கே எப்படி வந்தேன் என்பதே எனக்கு நினைவில்லை என்று எச்சரிக்கிறார். சற்றுத் தள்ளிக் கம்பிவேலியைப் பிடித்தபடி ஒரு பெண் நிற்கிறாள். வழியில் காட்டுக்குள் ரயிலை நிறுத்தி அவள் கணவனை விசாரணைக்கு அழைத்துப் போய்விட்டார்கள். அடுத்த ரயிலில் வந்துவிடுவான் என்று சொல்லியிருக்கிறார்கள். அது எப்போது நடந்தது என்று அவளுக்கு உறுதியாகத் தெரியவில்லை. காத்திருக்க விடுகிறார்களே, நல்லவர்கள்தான் என்றும் சேர்த்துச் சொல்கிறாள். அவள் வாயிலிருந்து வருவது நான்கைந்து வாக்கியங்கள். ஆனால் கடந்த காலம் பறிக்கப்பட்ட மனிதர் எப்படிப் பேசுவார் என்பதை இதைவிடத் துல்லியமாக எழுதிய வேறு விளையாட்டை நான் அறியேன்.

எதிர்காலம் பறிக்கப்பட்ட விதம் இன்னும் கொடியது. சிட்டாடல் கோபுரத்திலிருந்து பரவும் ஒடுக்குப் புலம் ஒன்று, மனிதர்கள் கருத்தரிக்கத் தேவையான உயிர்வேதிச் செயல்பாட்டையே தடுத்து வைத்திருக்கிறது. ஆட்டத்தில் இதைச் சொல்பவர் ப்ரீனேதான். எங்கள் இனப்பெருக்கச் சுழற்சியை ஏன் நிறுத்தினீர்கள் என்று கேட்டு, ‘கவலையுற்ற குடிமகன்’ என்ற கையொப்பத்துடன் வந்த கடிதத்துக்குத் திரையில் தோன்றிப் பதில் சொல்கிறார். கேட்டவரின் அச்சத்தைப் புரிந்துகொள்வதாகக் கனிவுடன் தொடங்கி, இயல்பூக்கம் மனித குலம் குழந்தையாக இருந்தபோது தேவைப்பட்ட தாய் என்றும், வளர்ந்த பிறகு அதுவே தளை என்றும், நம் ‘உபகாரிகள்’ ஒரே விசையை அழுத்தி நம்மை அதிலிருந்து விடுவித்திருக்கிறார்கள் என்றும், நம்மை நாமே வென்றுவிட்டோம் என்று நிரூபிக்கும் நாளில் புலம் விலக்கப்படும் என்றும் விளக்குகிறார். நடுங்காத, படித்த, பொறுமையான குரல். கொடுங்கோன்மையை அறிவியல் முன்னேற்றத்தின் மொழியில் நியாயப்படுத்தும் இந்த உரையைப் பின்னணி இரைச்சல் என்று எண்ணிக் கடந்துபோகிறவர்கள் ஆட்டத்தின் மையத்தையே தவறவிடுகிறார்கள்.

அந்த உரைக்குப் பிறகு நகரத்தைப் பார்த்தால் வேறு விதமாகத் தெரியும். குடியிருப்புகளுக்கு நடுவே சிறுவர் விளையாட்டுத் திடல் இருக்கிறது. சிறுவர்கள் எங்குமே இல்லை. நாம் சந்திப்பவர்களில் மிக இளையவள் அலிக்ஸ்தான். உருவாக்கத்தின் தொடக்கக் கட்டத்தில் இந்த ஆட்டம் இதைவிட வெளிப்படையான இருளுடன் இருந்தது: பூமியின் காற்றையே மாற்றும் ஆலை, முகமூடி அணிந்த மக்கள், தொழிற்சாலையில் வேலை செய்யும் குழந்தைகள் எனப் பல திட்டங்கள் இருந்தன. அவை கைவிடப்பட்டன. அதில் எனக்கு வருத்தமில்லை. துன்புறும் குழந்தையைக் காட்டினால் ஆட்டக்காரர் ஒரு கணம் இரங்குவார்; குழந்தையே இல்லாத ஊரில் மணிக்கணக்காக நடக்க விட்டால், மனித குலம் முடிவதற்கான நாள் குறிக்கப்பட்டுவிட்டது என்பதை அவரே கண்டுபிடிப்பார்.

நிகழ்காலமும் மனிதர் கையில் இல்லை. மக்கள் சீருடையில், பங்கீட்டு உணவில், அடிக்கடி இடமாற்றப்பட்டு வாழ்கிறார்கள். நிலையத்திலேயே ஒரு காவலர் காலிக் குளிர்பானக் கேனைத் தரையில் தட்டிவிட்டு, எடுத்துக் குப்பைத் தொட்டியில் போடச் சொல்கிறார். பொருள்களைத் தூக்கவும் எறியவும் ஆட்டக்காரருக்குக் கற்றுத்தரும் பயிற்சி அது. அதே சமயம் அடிபணிவதன் அவமானத்தைக் கையில் உணரவைக்கும் காட்சியும் கூட. முகமூடிக்குள் இருக்கும் அந்தக் காவலர்களும் மனிதர்களே. அவர்களுக்கு மேல் நிலையில், உடலும் நினைவும் மாற்றியமைக்கப்பட்ட ஓவர்வாட்ச் படையினர். கைகால்கள் வெட்டப்பட்டு, இயந்திரங்களுக்குப் பணிசெய்யும் ‘ஸ்டாக்கர்’கள் கடைசி நிலை. எதிர்ப்பவர்களை இந்தக் கடைசி இரண்டு நிலைகளுக்கு அனுப்பும் இடம், முன்னர் சிறைச்சாலையாக இருந்த நோவா ப்ராஸ்பெக்ட்.

நகரத்துக்கு வெளியே போனால் பூமிக்கு என்ன ஆயிற்று என்பது தெரிகிறது. கடற்கரைச் சாலையில் படகுத்துறைகள் நீரிலிருந்து வெகு உயரத்தில் அந்தரத்தில் நிற்கின்றன. கப்பல்கள் மணலில் கிடக்கின்றன. கடல்மட்டம் தாழ்ந்திருக்கிறது; கம்பைன் கிரகத்தின் வளங்களை உறிஞ்சி எடுப்பதன் சாட்சி அது. மணலுக்கு அடியில் வேற்றுலகப் பூச்சியினமான ஆன்ட்லயன்கள் பெருகியிருக்கின்றன. ரேவன்ஹோம் என்ற பழைய சுரங்க ஊரில் கம்பைன், மனிதரின் தலையைக் கவ்வி நடைபிணமாக்கும் ஹெட்கிராப் என்ற ஸென் உயிரினம் நிரம்பிய குண்டுகளைப் பொழிந்ததால், ஊர் மொத்தமும் நடைபிணங்களாகி, பாதிரியார் கிரிகோரி ஒருவர் மட்டும் மிஞ்சியிருக்கிறார். போர்ட்டல் புயலால் தற்செயலாக வந்து சேர்ந்த உயிரினத்தைப் பேரரசு ஆயுதமாக்கிக்கொண்டதற்கு இந்த ஊர் எடுத்துக்காட்டு.

இத்தனை வலிமையுள்ள பேரரசு மனிதர்களை ஏன் இன்னும் விட்டு வைத்திருக்கிறது? அதற்கான விடை தொழில்நுட்பத்தில் இருக்கிறது. கம்பைனால் ஓர் அண்டத்திலிருந்து இன்னோர் அண்டத்துக்குப் போர்ட்டல் திறக்க முடியும்; ஆனால் ஓர் அண்டத்துக்குள்ளேயே ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குத் தாவத் தெரியாது. ஈலையும் டாக்டர் ஐசக் க்ளெய்னரும் ஸென் உலகத்தை இடைத்தாவலாகப் பயன்படுத்தி அதைச் சாதித்திருக்கிறார்கள். பூமியின் மதிப்பு அதன் தண்ணீரிலும் உடல்களிலும் மட்டும் இல்லை. பிளாக் மெசா விஞ்ஞானிகளின் மூளையிலும் இருக்கிறது. ப்ரீன் அவர்களைக் கொல்லாமல் பிடிக்கத் துடிப்பதும் இதனால்தான்.

கதையின் உள்நாள்கணக்கில் முக்கியமான ஒரு திருப்பமும் இந்தத் தொழில்நுட்பத்தால் விளைகிறது. வந்திறங்கிய பகலில் கால்வாய்கள் வழியாகத் தப்பி, இரவில் ரேவன்ஹோம், மறுநாள் கடற்கரை, பிறகு நோவா ப்ராஸ்பெக்ட் என்று ஃப்ரீமேனின் பயணம் விரைந்து செல்கிறது. அங்கிருந்து அலிக்ஸுடன் தாவிக் க்ளெய்னரின் ஆய்வகத்தில் வந்து விழும்போது அவர்களுக்கு ஒரு நொடி; வெளியே ஒரு வாரம் கழிந்திருக்கிறது. அந்த வாரத்தில், சிறைமீது விழுந்த அடியை எழுச்சிக்கான அறிகுறியாக எடுத்துக்கொண்டு நகரமே ஆயுதம் ஏந்திவிட்டது. நாயகன் இல்லாத நாள்களில் மக்கள் தாங்களாகவே எழுந்தார்கள் என்பதை ஆட்டம் இப்படிப் பதிவு செய்கிறது. காலம் மீண்டும் மக்கள் கைக்கு வரும் முதல் கட்டம் இது என்றே நான் வாசிக்கிறேன்.

இரண்டாம் கட்டம் 2006 ஜூனில் வந்த ‘எபிசோட் ஒன்’. சிட்டாடல் சிதையத் தொடங்கியதும் ஒடுக்குப் புலம் அணைகிறது. ப்ரீனின் முகம் தெரிந்த அதே திரைகளில் இப்போது க்ளெய்னர் தோன்றி, நகரைவிட்டு உடனே வெளியேறுமாறு எச்சரிப்பதோடு, விருப்பமுள்ளவர்கள் மனித இனம் மீளத் தங்கள் பங்கைச் செய்ய இது உகந்த தருணம் என்றும் அறிவிக்கிறார். பலருக்குச் சிரிப்பூட்டும் வரி இது. ஆனால் தொடரின் காலவரிசையில் எதிர்காலம் என்ற ஒன்று திரும்பக் கிடைத்த தருணமும் இதுவே. 2007 அக்டோபர் 10 அன்று வெளிவந்த ‘எபிசோட் டூ’ பனிப்போர்க் கால ஏவுகணைத் தளமான ஒயிட் ஃபாரஸ்டில் முடிகிறது. கம்பைன் திறக்க முயன்ற பெரும் போர்ட்டலை மூடிய பிறகு, அலிக்ஸின் கண்ணெதிரே ஈலை கொல்லப்படுகிறார். கதை அங்கேயே நின்றுபோயிற்று.

அடுத்து வந்தது 2020 மார்ச் 23 அன்று, மெய்நிகர் கருவிகளுக்காக வெளியான ‘ஹாஃப்-லைஃப்: அலிக்ஸ்’. அது காலத்தில் பின்னோக்கிப் போய், ‘ஹாஃப்-லைஃப் 2’-க்கு ஐந்து ஆண்டுகள் முந்தைய சிட்டி 17-ஐக் காட்டுகிறது. சிட்டாடல் இன்னும் கட்டப்பட்டு வருகிறது. நகரின் ஒரு பகுதி நோய்த்தொற்றுத் தடுப்பு வளையமாக மூடப்பட்டிருக்கிறது. போருக்குப் பின் வளர்ந்த தலைமுறைக்கும் முந்தைய தலைமுறைக்கும் இடையே எவ்வளவு தூரம் என்பதை இந்த ஆட்டம் ஒரு சாண்ட்விச்சை வைத்தே சொல்லிவிடுகிறது. பழைய உலகத்தில் எதை இழந்தீர்கள் என்ற பேச்சில், ரஸ்ஸல் என்ற பொறியாளர் கிளப் சாண்ட்விச் எப்படி இருக்கும் என்று அலிக்ஸுக்கு விளக்க வேண்டியிருக்கிறது. அவள் அதைப் பார்த்ததே இல்லை.

இதன் முடிவு, அதுவரை கட்டிய காலவரிசையையே அசைத்துவிடுகிறது. கம்பைன் சிறைவைத்திருந்த ஜி-மேனை அலிக்ஸ் அறியாமல் விடுவிக்கிறாள். அவர் அவளுக்கு வருங்காலத்தில் தந்தை இறக்கும் அந்தத் தருணத்தைக் காட்டுகிறார். அவள் கொலையாளியை அழித்துத் தந்தையைக் காப்பாற்றுகிறாள். அதற்கு விலையாக, ஃப்ரீமேனின் இடத்தில் அவளையே அவர் உறைநிலைக்குக் கொண்டுபோகிறார். உடனே காட்சி ‘எபிசோட் டூ’ முடிந்த கூடத்துக்குத் திரும்புகிறது: ஈலை உயிருடன் இருக்கிறார், அலிக்ஸ் இல்லை. நம் உலகில் 12 ஆண்டுகளுக்கு மேல் கடந்த பிறகு, கதையின் முன்னணி நகர்ந்தது சில நொடிகள் மட்டுமே. பணியில் இழுக்கப்பட்டவள் ஐந்து ஆண்டுகளுக்கு முந்தைய அலிக்ஸ் என்றால், சிட்டி 17-இல் ஃப்ரீமேனுக்குக் கைகொடுத்து, நோவா ப்ராஸ்பெக்டிலும் சிட்டாடலிலும் அவனோடு நின்றவள் யார்? அந்த ஐந்து ஆண்டுகள் அழிந்தனவா, அல்லது இரண்டு அலிக்ஸ்களும் அந்த ஒரு கணத்தில் ஒன்றானார்களா? தொடர் மேலே செல்லுமானால், ஈலை கோர்டனின் கையில் அவனுடைய ஆயுதமான க்ரோபார் என்ற கடப்பாரையைத் திரும்ப வைக்கும் அந்தக் கூடத்திலிருந்து, இந்தக் கேள்விக்கு விடை சொல்லித்தான் நகர முடியும்.